வந்துக்கினே இருக்கேன்

எங்கள் வீட்டில் இப்போது யாரும் போனில் அந்த வார்த்தையைச் சொல்வதில்லை. எங்கே இருக்கிறாய் என்று கேட்டால் இடத்தின் பெயரை மட்டும் சொல்கிறோம். "முண்டியம்பாக்கம்." அவ்வளவுதான். வருகிறோமா, போகிறோமா, நிற்கிறோமா என்பதைக் கேட்பவரே யூகித்துக்கொள்ள வேண்டும். விழுப்புரத்திலிருந்து திண்டிவனம் வரைக்கும் எல்லா வீட்டிலும் இன்று இதே பேச்சுதான். வெளியூர்க்காரர்கள் எங்களுக்குத் திமிர் என்று நினைக்கிறார்கள்.

அவர்கள் ஊரில் சாலைக்குக் காது கிடையாது. அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

எங்கள் பக்கத்தில் சாலை கேட்கும். கேட்டதை வைத்துக்கொள்ளும். சாலை தொடங்கும் இடத்தில் ஒரு வழிக்கல், முடியும் இடத்தில் ஒரு வழிக்கல் நட்டிருப்பார்கள். இடுப்பு உயரம் இருக்கும். மஞ்சள் பூசிப் பூசிக் கல்லின் நிறமே மாறியிருக்கும். அந்த இரண்டு கல்லுக்கும் நடுவில் இழுத்துக் கட்டிய கயிறுதான் சாலை. வாசலில் நின்று "போய்ட்டு வர்றேன்" என்று சொல்லிவிட்டுப் போனால் சாலை ஆளைத் திருப்பிக் கொண்டுவந்து விடும். ஏதோ கோபத்தில் "போறேன்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனவனுக்குத் திரும்பும் வழியில் தொல்லைதான். பஸ் பஞ்சராகும், ஊர் தவறி இறங்குவான். பாதியில் ஞாபகம் வந்து வீட்டுக்குப் போன் செய்து, "போய்ட்டு வர்றேன்மா, போய்ட்டு வர்றேன்" என்று திருத்திச் சொல்லிக்கொள்வான். கரண்ட் கம்பியைத் தொடக் கூடாது என்பது போல இதுவும் சின்ன வயதிலேயே எங்களுக்குத் தெரிந்துவிடும். யாரும் ஆச்சரியப்பட்டதில்லை.

சின்னப் பொய்களைச் சாலை பொறுத்துக்கொண்டது. டீக்கடையில் கால் மேல் கால் போட்டு உட்கார்ந்துகொண்டு, "வந்துக்கினே இருக்கேன்" என்று போனில் சொல்லாதவர் எங்கள் ஊரில் யார்? கல் அதைக் கேட்டுச் சிரித்துவிட்டு மறந்துவிடும் என்று அப்பா சொல்வார். அந்தச் சிரிப்பை நம்பித்தான் அவர் தினமும் அந்தப் பொய்யைச் சொன்னார்.

அப்பா திண்டிவனத்தில் ஒரு மல்லாட்டை மண்டியில் மூட்டை தூக்குபவர். வேர்க்கடலையைத்தான் எங்கள் பக்கம் மல்லாட்டை என்போம். விழுப்புரத்திலிருந்து காலையில் பஸ்ஸில் போய் இரவு வருவார். சனிக்கிழமை மட்டும் அரை நாள். நான் எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முடித்த முதல் ஆள். கல்லூரியில் தமிழ் இலக்கியம் எடுத்தேன். அதில் அப்பாவுக்குத் தீராத சந்தேகம். "பேசத் தெரிஞ்ச பாஷைய எதுக்குடா வருசக்கணக்கா படிக்கற?" என்பார். பிறகு மண்டியில் போய், "எம்புள்ள தமிழ்லயே டிகிரி" என்று பெருமையடிப்பாராம்.

அன்றைக்குச் சனிக்கிழமை. அம்மா சங்கரா மீன் வாங்கிக் குழம்பு வைத்திருந்தாள். உச்சி வெயிலில் அப்பாவுக்குப் போன் போட்டாள்.

"இன்னாய்யா, எங்க இருக்க?"

"வந்துக்கினே இருக்கேன்மே."

ஸ்பீக்கரில் எனக்கும் கேட்டது. பின்னால் யாரோ, "சக்கர கம்மியா ஒண்ணு" என்று குரல் கொடுத்தார்கள்.

"பஸ்ஸுல டீ ஆத்துறாங்களா இப்பல்லாம்?" என்றாள் அம்மா.

"பஸ்ஸு ஸ்டாண்டுல நிக்குதுமே. டிரைவரே டீதான் குடிக்கறாரு. தோ, வந்துக்கினே இருக்கேன்."

"கொழம்பு ஆறிடும். ஜல்தியா வா."

அம்மா போனை வைத்த கொஞ்ச நேரத்தில் அது நடந்தது. குடத்தில் இருந்த தண்ணீர் ஒரு பக்கமாகச் சாய்ந்து தளும்பியது. நிலைக்கதவு கிர்ரென்று ஒரு முறை அதிர்ந்தது. இழுத்துக் கட்டிய கயிற்றை ஒரு முனையில் அறுத்தால் மறுமுனையைப் பிடித்திருப்பவன் கையில் ஒரு வெட்டு வெட்டுமே, அந்த வெட்டைக் காலுக்கடியில் உணர்ந்தேன். தெருவில் படுத்திருந்த நாய்கள் எல்லாம் எழுந்து வடக்கே பார்த்து நின்றன. ஒன்றுகூடக் குரைக்கவில்லை. அதுதான் எனக்கு முதலில் பயத்தைக் கொடுத்தது.

திண்டிவனத்துப் பக்கம் சாலையை அகலப்படுத்த வந்த ஆட்கள் ஜேசிபியை விட்டு வழிக்கல்லைப் பிடுங்கியிருக்கிறார்கள். தள்ளி நடுவதற்குத்தான் பிடுங்கினார்களாம். பிடுங்கும்போது அது இரண்டாகப் பிளந்துவிட்டது. இது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது. அப்போது தெரிந்ததெல்லாம், குழம்பு ஆறிவிட்டது, அப்பா வரவில்லை என்பது மட்டும்தான்.

அம்மா மறுபடியும் போன் போட்டாள்.

"வந்துக்கினே இருக்கேன். விக்கிரவாண்டி டோல்கேட்டு தாண்டிட்டேன்."

அங்கிருந்து விழுப்புரம் ரொம்ப தூரமில்லை. அம்மா சாதத்தைச் சூடு செய்தாள். வரவில்லை. இந்த முறை நான் போட்டேன்.

"வந்துக்கினே இருக்கேன் தம்பி. விக்கிரவாண்டி டோல்கேட்டு தாண்டிட்டேன்."

"அப்பவே தாண்டிட்டேன்னு சொன்னியேப்பா?"

பஸ்ஸின் இன்ஜின் சத்தம் மட்டும். பிறகு அப்பா குரலைத் தாழ்த்திக்கொண்டார். பக்கத்து சீட்டுக்காரர் கேட்டுவிடக் கூடாது என்பது போல.

"டேய், டோல்கேட்டு மறுபடியும் வருதுடா."

நானும் அம்மாவும் பஸ் ஸ்டாண்டுக்கு ஓடினோம். எங்களுக்கு முன்பே அங்கே பாதி ஊர் நின்றது. எல்லார் காதிலும் போன். வழக்கமாக அந்த இடத்தில் போன் பேசுபவர்கள் கத்திக்கொண்டிருப்பார்கள். அன்றைக்கு எல்லாரும் கிசுகிசுத்தார்கள். திண்டிவனம் பஸ்கள் ஒழுங்காக வந்துகொண்டுதான் இருந்தன. அதுதான் விளங்கவில்லை. வந்த பஸ்களில் பாதிப் பேர் இறங்கினார்கள். மீதி சீட்டுகளில் சாமான் மட்டும் இருந்தது. பை, குடை, ஒரு குழந்தையின் ஒற்றைச் செருப்பு.

ஒரு பஸ்ஸிலிருந்து கண்டக்டர் ஒரு டிபன் கேரியரைத் தூக்கிக்கொண்டு இறங்கினார். மூடியில் நசுங்கல் இருந்தது. நான் பள்ளிக்கூடம் போன நாளில் கீழே போட்டு நசுக்கியது அது.

"இந்த சீட்டு ஆளு எங்க எறங்குனாருன்னு தெரியலம்மா. டோல்கேட்டுல பாத்தேன். அப்புறம் திரும்பினா ஆளில்ல," என்றார் கண்டக்டர்.

அம்மா கேரியரை வாங்கித் தொட்டுப் பார்த்தாள். பிடி இன்னும் சூடாக இருந்தது. என் கையில் போன் அடித்தது. அப்பா.

"தம்பி, பஸ்ஸு நிக்கவே மாட்டேங்குதுடா."

பஸ் என் கண் முன்னால் நின்றுகொண்டிருந்தது. டிரைவர் இறங்கிப் பின்சக்கரத்துக்கு அருகில் குந்தி உட்கார்ந்து தலையைப் பிடித்துக்கொண்டிருந்தார். அப்பாவோ அதே பஸ்ஸுக்குள் உட்கார்ந்து என்னோடு பேசிக்கொண்டிருந்தார்.

கல் பிளந்த நேரத்தில் யாருடைய கடைசிச் சொல் "வந்துக்கினே இருக்கேன்" என்று சாலையின் காதில் விழுந்ததோ, அவர்களெல்லாம் வந்துகொண்டே இருந்தார்கள். பொய்யை மறந்துவிடக் கல் இல்லை. சாலை அந்தச் சொல்லை அப்படியே எடுத்துக்கொண்டுவிட்டது. பஸ் ஸ்டாண்டில் இதை யாரோ சொன்னார்கள். சொன்னதும் எல்லாருக்கும் புரிந்தது. புரிந்ததும் ஒரு பெரிய மூச்சுச் சத்தம்.

அப்போதுதான் வாட்சப்பில் அந்தக் குரல் செய்தி வந்தது. யார் பேசியதென்று இன்றைக்கும் தெரியாது. ரொம்ப நம்பிக்கையான குரல். சாலையில் மாட்டிக்கொண்ட உங்கள் ஆட்களை, நல்லபடியாகப் போய்ச் சேர்ந்துவிட்டேன் என்று சொல்லச் சொல்லுங்கள், சொன்னால் சேர்ந்துவிடுவார்கள் என்றது. எங்கள் தெருவில் கடைசி வீட்டு அக்கா எனக்குப் பக்கத்தில்தான் நின்றாள். அவள் வீட்டுக்காரர் கொத்தனார். அவரும் சாலையில் இருந்தார். அக்கா அழுதுகொண்டே போனில் சொன்னாள்.

"யோவ், போய்ச் சேந்துட்டேன்னு சொல்லுய்யா. ஒரே ஒரு வாட்டி. சொல்லேன்."

நானும் அப்பாவிடம் அதையே சொல்ல வாயெடுத்தேன். அம்மா என் கையில் பட்டென்று அடித்தாள்.

"அந்த வார்த்தைய எடுக்காத வாயில. ஊருக்குப் போயி எறங்குன ஆளுங்ககூட அப்டிச் சொல்ல மாட்டாங்க."

அதற்குள் அடுத்த பஸ் உள்ளே நுழைந்தது. ஜன்னலோரத்தில் கொத்தனார் உட்கார்ந்திருந்தார். அக்கா கத்திக்கொண்டே ஓடினாள். அவர் திரும்பவில்லை. போன் காதிலேயே இருந்தது. தலை கண்ணாடியில் சாய்ந்திருந்தது. பஸ் நின்ற குலுக்கலில் அந்தத் தலை லேசாக ஆடி மறுபடி கண்ணாடியில் போய் ஒட்டியது. அவர் சொன்னதைச் சாலை செய்திருந்தது. எங்கள் மொழியில் ஊருக்குப் போனாலும் போய்ச் சேர்வதுதான். உயிர் போனாலும் போய்ச் சேர்வதுதான். இரண்டில் எது என்று சாலைக்கு எப்படித் தெரியும்?

அதற்குப் பிறகு பஸ் ஸ்டாண்டில் யாரும் யாரிடமும் பேசவில்லை. போனில் குரல்கள் "அலோ, அலோ" என்று கேட்டுக்கொண்டே இருந்தன. பதில் சொல்லப் பயந்து ஆட்கள் போனை நெஞ்சோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

"வா, வூட்டுக்குப் போயிடலாம்," என்றாள் அம்மா. "எங்க வரணும்னு அவருக்குத் தெரியணும்ல."

வழி முழுக்க நான் வினைச்சொற்களை எண்ணிக்கொண்டே நடந்தேன். என் வாழ்நாளில் பாடத்தை அவ்வளவு பயத்தோடு யோசித்ததில்லை. வருவேன் என்றால் எதிர்காலம், என்றைக்கு வேண்டுமானாலும் இருக்கலாம். வருகிறேன் என்றால் இப்போது இருப்பதற்கும் அதற்கும் வித்தியாசமில்லை. வந்தேன் என்றால் வந்தது முடிந்த கதை, பிறகு போயிருக்கவும் கூடும். வீட்டு வாசலை மிதித்தபோது என்னிடம் ஒரு சொல்லும் மிஞ்சவில்லை.

அப்பா கூப்பிட்டார். அவர் குரல் மாறிப்போயிருந்தது. "சார்ஜு ஒரு கோடுதான்டா இருக்கு. பக்கத்துல இருந்தவங்க ஒவ்வொருத்தரா எழுந்து ஜன்னலத் தட்டிக்கினு இருக்காங்க. வெளிய பாத்தா டோல்கேட்டு. பேஜாரா இருக்குடா."

அம்மா போனை என்னிடமிருந்து பிடுங்கினாள்.

"யோவ், தெனம் நான் கூப்புடுவேன். நீ தெருமுனைல நின்னுக்கினு இன்னா சொல்லுவ?"

"இன்னா சொல்லுவேன்?"

"கொழம்ப ஊத்தட்டான்னு கேப்பேன். நீ இன்னா சொல்லுவ?"

கொஞ்சம் யோசித்தார். "தோ வந்துட்..." என்று ஆரம்பித்தவர் பாதியில் வாயைப் பொத்திக்கொண்டது எங்களுக்கே கேட்டது.

அந்தச் சொல்லுக்கும் வால் கொத்தனார் சொன்ன சொல்லின் வால்தான். சேர்ந்துட்டேன். வந்துட்டேன்.

"தம்பிகிட்ட குடு," என்றார் அப்பா. கொடுத்தாள். "நீ படிச்சவன்டா. சொல்லலாமா?"

அம்மா என் முகத்தையே பார்த்தாள். எனக்கு எழுத்துக்கூட்டத் தெரிந்த நாளிலிருந்து அவர்கள் இருவரும் பஸ் போர்டு முதல் மருந்துச் சீட்டு வரை என்னிடம் நீட்டியிருக்கிறார்கள். அன்றைக்கு நீட்டியது இது. நான் சொல்லைப் பிரித்துப் பார்த்தேன். வந்து, விட்டேன். வருதல் முற்றாக முடிந்தது என்று பொருள். யாரும் செத்தவரைப் பற்றி வந்துவிட்டார் என்று சொல்வதில்லை. சொல்வதுண்டா? இல்லை. சொல்வதில்லை.

"சொல்லுப்பா," என்றேன்.

"கொழம்ப ஊத்தட்டா?" என்று அம்மா என் தோளுக்குப் பின்னாலிருந்து கேட்டாள்.

"தோ, வந்துட்டேன்."

வாசல்படியில் அப்பா நின்றுகொண்டிருந்தார். நடந்து வரவில்லை. கதவு திறக்கும் சத்தம் இல்லை. நின்றுகொண்டிருந்தார். தோளில் துண்டு, தலைமுடியில் மல்லாட்டைத் தூசி. காதருகே கை இன்னும் போன் பிடித்த மாதிரியே வளைந்திருந்தது. கையில் போன் இல்லை.

அம்மா அவரைத் தொடவில்லை. முதலில் அவர் மார்பு ஏறி இறங்குகிறதா என்று பார்த்தாள். பிறகு, "கைய கழுவிக்கினு உக்காரு," என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய், அங்கே நின்று வாய்விட்டு அழுதாள். அப்பா இரண்டு முறை சோறு வாங்கிச் சாப்பிட்டார். உப்பு கம்மி என்றார். அவ்வளவு நிம்மதியான குறையை நான் அதற்கு முன் கேட்டதில்லை.

எங்களைப் பார்த்து மற்ற வீடுகளிலும் அதையே சொல்லச் சொன்னார்கள். நிறையப் பேர் வந்தார்கள். சார்ஜ் தீர்ந்துபோனவர்களின் வீடுகளில் என்ன நடந்தது என்று நான் கேட்கப் போனதில்லை.

வழிக்கல்லை இரும்புப் பட்டை போட்டு ஒட்டி மறுபடி நட்டார்கள். சாலை கட்டுக்குள் வந்துவிட்டது என்று சொன்னார்கள். பஸ் ஸ்டாண்டில் ஒரு பலகை மாட்டினார்கள்: பயணிகள் கைபேசியில் இடப்பெயரை மட்டும் கூறவும். அப்பா மண்டி வேலையை விட்டுவிட்டு இங்கேயே மார்க்கெட்டில் மூட்டை தூக்கப் போனார். எல்லாம் சரியாகிவிட்டது போலத்தான் இருந்தது.

தொலைந்த போனின் எண்ணை முடக்க வேண்டும் என்று ஒரு நாள் நினைத்தேன். அதற்கு முன் சும்மா ஒரு முறை அடித்துப் பார்த்தேன். யாராவது எடுத்து வைத்திருந்தால் கேட்டு வாங்கலாமே என்று. மணி போனது. எடுத்தார்கள்.

"வந்துக்கினே இருக்கேன் தம்பி. டோல்கேட்டு தாண்டிட்டேன்."

அப்பா எனக்கு எதிரில் உட்கார்ந்து நகம் வெட்டிக்கொண்டிருந்தார்.

அன்றைக்குத்தான் நான் அந்தச் சொல்லை இன்னொரு முறை பிரித்துப் பார்த்தேன். வந்து விட்டேன். வந்தார். விட்டார். எதையோ சாலையில் விட்டுவிட்டுத்தான் வந்திருக்கிறார். எதை என்று பாடத்தில் இல்லை. அந்த போனுக்கு இன்றுவரை சார்ஜ் தீரவில்லை.

அதற்குப் பிறகு நாங்கள் அந்த எண்ணை அடிக்கவே இல்லை. கொஞ்ச நாளில் அதுவே கூப்பிட ஆரம்பித்தது. எடுக்காமல் விட்டுவிடலாம் என்றேன். அப்போது வளவனூரிலிருந்து செய்தி வந்தது. எங்களைப் போலவே ஆள் திரும்பி வந்த ஒரு வீட்டில் அப்படித்தான் எடுக்காமல் விட்டிருக்கிறார்கள். ஒரு சாயங்காலம் சாலையில் தங்கிவிட்ட அது வந்து வாசலில் நின்றதாம். அதே சட்டை, அதே முகம். வீட்டுக்குள் டிவி பார்த்துக்கொண்டிருந்தவர் எழுந்து, செருப்பை மாட்டிக்கொண்டு, "போறேன்" என்று சொல்லிவிட்டு வெளியே நடந்துவிட்டாராம். தடுத்தவர்களின் கை அவர் மேல் பட்டதே தவிரப் பிடிக்க முடியவில்லை. ஒருவர் வந்தால் ஒருவர் போக வேண்டும் போலிருக்கிறது. சாலை கணக்கு அப்படி.

இதைக் கேட்ட அன்று போன் அடித்தபோது அம்மாதான் எடுத்தாள்.

"வந்துக்கினே இருக்கேன்மே. முண்டியம்பாக்கம் கிட்ட வந்துக்கினு இருக்கேன்."

டோல்கேட்டைத் தாண்டிவிட்டது. அங்கிருந்து எங்கள் வீடு எட்டிப் பிடிக்கும் தூரம். அம்மாவின் உதடு வெளுத்துப்போனது. ஆனால் குரல் எப்போதும் போலவே இருந்தது. அதட்டலும் சலிப்பும் கலந்த அதே குரல்.

"வெத்தல வாங்குனியா?"

அந்தப் பக்கம் தயங்கியது. "வெத்தலயா? நீ சொல்லவே இல்லியேமே."

"காலைலயே சொன்னேன்ல? எதைத்தான் ஞாபகம் வெச்சிருக்க நீ? திண்டிவனம் மார்க்கெட்டுல வாங்குனாத்தான் நல்லாருக்கும். திரும்பிப் போய் வாங்கிக்கினு வா. அவசரமில்ல. மெதுவா வா."

"சரிமே," என்றது அது. அப்பா எப்படிச் சொல்வாரோ அப்படியே. திட்டு வாங்கியதில் ஒரு சின்ன சந்தோஷத்தோடு. இன்ஜின் சத்தம் திசை மாறித் தேய்ந்தது.

அதிலிருந்து சாயங்காலம் ஆனால் எங்கள் வீட்டில் இதுதான் வேலை. ஒரு நாள் மல்லாட்டைப் பிண்ணாக்கு, ஒரு நாள் கேப்பை மாவு, ஒரு நாள் அறுந்த செருப்பைத் தைத்து வாங்கிவரச் சொல்வது. அது ஒவ்வொரு முறையும் மறுக்காமல் திரும்பிப் போகிறது. ஆனால் ஒவ்வொரு முறையும் கொஞ்சம் கூடுதலாக நெருங்கிய பிறகுதான் கூப்பிடுகிறது. போன வாரம் பின்னணியில் எங்கள் ஜங்ஷன் ரயில் அறிவிப்பு கேட்டது.

நேற்று அம்மா பேசி முடித்துப் போனை வைத்தாள். சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்த அப்பா ரொம்ப நேரம் தன் பாதத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

"பாவம்மே அவன். காலு வலிக்கும்."

"சும்மா கெடய்யா."

"இன்னைக்கு இன்னா வாங்கியாரச் சொன்ன?"

"வெத்தல."

"போன வாரந்தான் வெத்தல சொன்ன." அப்பா வாசல் பக்கம் ஒரு முறை பார்த்துக்கொண்டார். "மறதிக்காரன்தான். ஆனா முட்டாள் இல்லமே. எனக்குத் தெரியாதா? சந்தேகப்பட்டுடுவான்."

அம்மா எழுந்துபோய்த் திறந்திருந்த கதவைச் சாத்தித் தாழ் போட்டாள். பிறகு நாளைக்கு என்ன வாங்கிவரச் சொல்வது என்று மூன்று பேரும் உட்கார்ந்து யோசித்தோம்.